எல்.எஸ்.யூ. 2019: பதினைந்து வெற்றிக்கும் யார் காரணம்?

#1 மூன்றாம்டவுன்

காய்ச்சலில் இரண்டு நாள் வீட்டோடு கிடந்தேன். யூடியூபில் பழைய ஆட்டங்களை ஒவ்வொன்றாக ஓடவிட்டதில், லூசியானா ஸ்டேட் யூனிவர்சிட்டியின் 2019 சீசன் முழுவதையும் மறுபடி பார்த்து முடித்தாயிற்று. அந்த வருடம் எனக்கு பேட்டன் ரூஜில்தான் வேலை. பாதி ஆட்டங்களை அப்போதே பார்த்தவன்தான். முடிவு தெரிந்து, பதற்றம் இல்லாமல் பார்க்கும்போது வேறு விஷயங்கள் கண்ணில் படுகின்றன. அதைப் பேசத்தான் இந்த இழை.

புதிதாக வருபவர்களுக்கு: இது காலால் உதைக்கும் கால்பந்து இல்லை, அமெரிக்கர்கள் பந்தைக் கக்கத்தில் இடுக்கிக்கொண்டு ஓடும் கால்பந்து. எல்.எஸ்.யூ. அந்த வருடம் 15 ஆட்டம் ஆடி 15 ஆட்டத்தையும் ஜெயித்தது. மொத்தம் 726 புள்ளிகள். சீசன் தொடங்கும் முன் ஏ.பி. (அசோசியேட்டட் பிரஸ்) தரவரிசையில் முதல் நான்கு இடத்தில் இருந்தவை கிளெம்சன், அலபாமா, ஜார்ஜியா, ஓக்லஹோமா. சீசன் முடிவதற்குள் இந்த நான்கு பேரையுமே அடித்துவிட்டது.

யாரைக் கேட்டாலும் காரணம் குவாட்டர்பேக் (பந்தை எறிந்து தாக்குதலை நடத்துபவர்) ஜோ பரோ என்பார்கள். 60 டச்டவுன் பாஸ் (எதிரணி எல்லைக்கோட்டுக்குள் பந்தைச் சேர்ப்பதுதான் டச்டவுன்), 5,671 யார்டு, எறிந்ததில் 76.3 சதவீதம் போய்ச் சேர்ந்தது. யாரும் மறுக்க முடியாது. அடுத்ததாக ஜோ பிரேடி பெயர் வரும். நியூ ஆர்லியன்ஸ் செயின்ட்ஸ் என்ற தொழில்முறை அணியில் உதவியாளராக இருந்து 29 வயதில் கோச்சாக வந்து, ஆட்டமுறையையே மாற்றியவர்.

என் கட்சி வேறு. எனக்கு அந்த சீசனின் ஆள் ஸ்டீவ் என்ஸ்மிங்கர். பெயரே கேள்விப்படாதவர்கள் நிறையப் பேர் இருப்பீர்கள். 2016இல் சீசன் நடுவே தலைமை கோச் லெஸ் மைல்ஸை நீக்கினார்கள். தாக்குதல் ஒருங்கிணைப்பாளரும் (தாக்குதல் ஆட்டத்தை வகுக்கும் கோச்) போனார், அந்த வேலை என்ஸ்மிங்கர் தலையில் விழுந்தது. நன்றாகவே செய்தார். சீசன் முடிந்ததும் வெளியிலிருந்து வேறொருவரைக் கொண்டுவந்து, இவரைத் திரும்ப டைட் எண்ட் என்ற ஒரு இடத்து ஆட்டக்காரர்களுக்கு மட்டும் கோச்சாகப் போட்டார்கள். வாயே திறக்கவில்லை. வந்தவர் ஒரு வருடத்தில் போய்விட, 2018இல் மறுபடி இவரிடமே வேலை வந்தது. அதற்கும் அடுத்த வருடம், தன் வயதில் பாதிகூட இல்லாத பையன் ஒருவன், அந்த பிரேடிதான், வந்து உங்கள் பிளேபுக்கை (ஆட்டத் திட்டங்களின் புத்தகம்) மாற்றலாம் என்கிறான். அறுபது வயதைத் தாண்டிய மனிதர், சரி வா, பக்கத்தில் உட்கார் என்றார். நம் ஆபீஸில் எத்தனை சீனியர்கள் அப்படிச் சொல்வார்கள்?

அடிக்க வருபவர்கள் வரலாம்.


#2 ஹன்ட்ஸ்வில்காரன்

வந்தாயிற்று. நான் அலபாமா ஆள், அதனால் சொல்வதைக் கொஞ்சம் கழித்துக்கொண்டே படியுங்கள்.

தலைவா, அந்த அணியில் சேஸ், ஜெஃபர்சன், மார்ஷல் என்று மூன்று ரிசீவர்கள் (பாஸை வாங்குபவர்கள்). பின்னால் ஓட்டக்காரர் கிளைட் எட்வர்ட்ஸ்-ஹெலேர். 2020 டிராஃப்டில் (தொழில்முறை லீக்கான என்.எஃப்.எல். அணிகள் கல்லூரி ஆட்டக்காரர்களைத் தேர்ந்தெடுப்பது) மட்டும் 14 பேர் போனார்கள், அதில் ஐந்து பேர் முதல் சுற்று. இவர்களை வைத்துக்கொண்டு என் மாமியார்கூட பிளே கூப்பிட்டிருப்பார் (அடுத்து என்ன ஆடுவது என்று சொல்லியிருப்பார்). என்ஸ்மிங்கர் நல்ல மனிதர், சரி. அதற்காக சீசனையே தூக்கி அவர் கையில் கொடுப்பதா?

அப்புறம் நவம்பர் 9 அலபாமா ஆட்டம் பற்றி யாராவது நேர்மையாகப் பேசுங்கள். எங்கள் குவாட்டர்பேக் டுவா டகோவைலோவாவுக்குக் கணுக்காலில் அறுவை சிகிச்சை நடந்து மூன்று வாரம்கூட ஆகவில்லை. நொண்டிக்கொண்டு ஆடியவர் 418 யார்டு எறிந்தார். முதல் டிரைவிலேயே (முதல் முறை பந்து எங்களிடம் இருந்தபோதே) எல்லைக்கோட்டுக்குச் சில யார்டு முன்னால், யாரும் தொடாமலே பந்தை நழுவவிட்டார். 46-41 தோற்றோம். அந்த ஒரு பந்து கையில் நின்றிருந்தால் இந்த இழையே இருந்திருக்காது.


#3 கோவைப்புதுசு

அண்ணே, நான் கோயம்புத்தூரிலிருந்து. ஒரு வருடமாகத்தான் இதைப் பார்க்கிறேன். இந்த சீசனை முழுதாகப் பார்க்கலாம் என்று இருக்கிறேன், அதனால் தயவு செய்து எல்லா ஸ்கோரையும் போட்டு உடைக்காதீர்கள். (அலபாமா போச்சு, பரவாயில்லை.)

ஒரு சந்தேகம். ஆட்டமுறையை மாற்றினார்கள் என்கிறீர்களே, அப்படி என்ன மாற்றினார்கள்?


#4 மூன்றாம்டவுன்

தம்பி, மன்னிக்கணும், தலைப்பிலேயே உடைத்துவிட்டேன். இனி கவனமாக இருக்கிறேன்.

மாற்றம் இதுதான். எல்.எஸ்.யூ.வில் பல வருடமாக ஒரே சமையல். குவாட்டர்பேக் பந்தைக் கொடுப்பவருக்கு நேர் பின்னால் ஒட்டிக்கொண்டு நிற்பார். அவருக்குப் பின்னால் இரண்டு ஓட்டக்காரர்கள் வரிசையாக. பந்தை வாங்கி, திரும்பி, ஓட்டக்காரரிடம் கொடு, மோது. இரண்டு முறை மோதி மூன்று யார்டு. மூன்றாவது முறைதான் பாஸ், அது எதிரணிக்கும் தெரியும். அலபாமாவிடம் தொடர்ச்சியாக எட்டுத் தோல்வி, அதில் 21-0, 10-0, 29-0 என்று மூன்று முறை ஒரு புள்ளிகூட எடுக்காமல்.

2019இல் குவாட்டர்பேக் ஐந்து யார்டு பின்னால் போய் நின்றார். ஐந்து பேரை இடமும் வலமும் பரப்பிவிட்டார்கள், பல நேரம் அவரைக் காக்கப் பின்னால் ஓட்டக்காரரே கிடையாது. மைதானத்தின் முழு அகலத்துக்கும் எதிரணி விரிந்தாக வேண்டும். விரிந்தால் நடுவில் இடம்.

இன்னொன்றை மெதுவாக ஓடவிட்டுப் பார். பந்து கைக்கு வந்ததும் பரோ அதை ஓட்டக்காரரின் வயிற்றில் கொண்டுபோய் வைக்கிறார், ஆனால் கையை எடுப்பதில்லை. இருவரும் அந்தப் பந்தைப் பிடித்தபடி ஒரு அடி சேர்ந்தே நகர்கிறார்கள். அந்த நேரத்தில் பரோவின் தலை ஓட்டக்காரர் பக்கமே திரும்புவதில்லை, எதிரே நிற்கும் ஒரே ஒரு லைன்பேக்கரை (எதிரணித் தடுப்பில் முன்வரிசைக்குப் பின்னால் நிற்பவர்) பார்க்கிறது. அவர் ஓட்டக்காரரைப் பிடிக்க முன்னே ஒரு கால் வைத்தால், பந்தை உருவி, அவர் விட்டுவிட்டு வந்த இடத்திலேயே எறிந்துவிடுகிறார். வைக்காவிட்டால் ஓட்டக்காரரிடமே விட்டுவிடுகிறார். லைன்பேக்கர் எதைச் செய்தாலும் தப்பு.


#5 ஆஸ்டின் அக்கா

செப்டம்பர் 7 ஆஸ்டின் ஆட்டத்தில் நான் மைதானத்தில் இருந்தேன், டெக்சாஸ் பக்கம்தான். வெயில் என்றால் அப்படி ஒரு வெயில். உட்காரும் பெஞ்சைத் தொட முடியவில்லை, துப்பட்டாவை மடித்துப் போட்டு உட்கார்ந்தேன்.

தம்பி, அடுத்த பத்தியைத் தாண்டிப் போய்விடு.

நாலாவது குவார்ட்டர், இரண்டரை நிமிடம் சொச்சம் பாக்கி. எல்.எஸ்.யூ. 37-31 முன்னணி. அவர்களுக்கு மூன்றாவது டவுன் (மூன்றாவது முயற்சி), 17 யார்டு வேண்டும். என் பக்கத்தில் இருந்தவர்கள் எல்லாரும் எழுந்து நின்று கத்துகிறோம். பழைய எல்.எஸ்.யூ.வாக இருந்தால் என்ன செய்யும் என்று ஊருக்கே தெரியும்: ஓடும், கடிகாரத்தைக் கரைக்கும், பந்தை உதைத்து எங்களிடம் தரும், தன் டிஃபென்ஸை (தடுக்கும் ஆட்களை) நம்பும். எங்கள் ஆட்கள் பிளிட்ஸ் போனார்கள், குவாட்டர்பேக் மேலேயே கூட்டமாகப் பாய்ந்தார்கள். பரோவுக்கு நாலு பக்கமும் ஆள் வந்துவிட்டது. அவர் பின்னால் ஓடவில்லை, முன்னால் வந்தார், இரண்டு பேருக்கு நடுவில் ஒருக்களித்து நுழைந்து, காலை ஊன்றக்கூட இடமில்லாமல் எறிந்தார். ஜெஃபர்சன் நடுவில் வாங்கினார். அதற்கப்புறம் அவர் முதுகைத்தான் பார்த்தேன், 61 யார்டு. மைதானத்தில் ஒரு லட்சம் பேர் ஒரே நேரத்தில் உட்கார்ந்தால் ஒரு சத்தம் வரும். அன்றைக்குத்தான் அதைக் கேட்டேன்.

அன்று பரோ 471 யார்டு எறிந்தார். ஜெஃபர்சன், சேஸ், மார்ஷல் மூன்று பேரும் ஆளுக்கு நூறு யார்டுக்கு மேல். இதில் என்ஸ்மிங்கர் எங்கே வந்தார் என்று எனக்குத் தெரியவில்லை மூன்றாம்டவுன். காலை ஊன்ற முடியாமல் எறிந்தது பரோ.


#6 மூன்றாம்டவுன்

அக்கா, நீங்களே பதில் சொல்லிவிட்டீர்கள். பழைய எல்.எஸ்.யூ. அந்த இடத்தில் ஓடும் என்று ஊருக்கே தெரியும் என்றீர்களே? அந்தப் பழைய எல்.எஸ்.யூ.வில் ஊறி வளர்ந்தவர்தான் என்ஸ்மிங்கர். பேட்டன் ரூஜ்காரர், 1970களின் கடைசியில் அதே அணிக்குக் குவாட்டர்பேக்காக ஆடியவர். அந்த இடத்தையும் இன்னொருவரோடு மாறி மாறிப் பங்குபோட்டுத்தான் ஆடினார். மூன்றாவது டவுனுக்கும் கடைசி 20 யார்டுக்கும் பிரேடியின் கை அதிகம் என்று அப்போதே பேசிக்கொண்டார்கள், இல்லையென்று சொல்லவில்லை. ஆனால் ஹெட்செட்டில் பிளேயைக் கூப்பிடும் பொறுப்பு சீசன் முழுக்க என்ஸ்மிங்கரிடம்தான் இருந்தது. எறியலாம் என்று விட்டார் பாருங்கள், அதைச் சொல்கிறேன்.


#7 ஒஹாயோ மாமா

கொலம்பஸிலிருந்து வணக்கம். உங்கள் சண்டைக்கு நடுவில் எங்கள் ஊர்ப் பையனை மறந்துவிடாதீர்கள்.

பரோ எங்கள் மாநிலத்தில் ஆதென்ஸ் பக்கம் தி பிளெயின்ஸ் என்ற சின்ன ஊரில் வளர்ந்தவர். அப்பா ஜிம்மி பரோ ஒஹாயோ யூனிவர்சிட்டியில் டிஃபென்ஸ் ஒருங்கிணைப்பாளர். மகன் ஆடுவதை ஒரு ஆட்டம் விடாமல் பார்க்க வேண்டும் என்று 2018 சீசனோடு வேலையை விட்டுவிட்டார். பையன் ஒஹாயோ ஸ்டேட்டில் பெஞ்சில் உட்கார்ந்து உட்கார்ந்து, 2017இல் வாய்ப்பு வரும் நேரத்தில் கையை உடைத்துக்கொண்டார். அவருக்குப் பின்னால் இருந்த டுவெய்ன் ஹாஸ்கின்ஸ் முன்னே போய்விட்டார். மூன்று வருடத்தில் டிகிரியை முடித்து வைத்திருந்ததால்தான் 2018இல் உடனே வேறு அணிக்கு ஆட முடிந்தது. அந்தக் காலத்தில் டிகிரி முடிக்காமல் மாறினால் பெரும்பாலும் ஒரு வருடம் சும்மா உட்கார வேண்டும். படிப்பு முக்கியம் என்று என் பையனிடம் சொல்ல நான் வைத்திருக்கும் ஒரே கால்பந்து உதாரணம் இது, அவன் காதில் போட்டுக்கொள்வதில்லை.

2018இல் அவர் ஆட்டம் சுமார்தான். 57.8 சதவீதம், 16 டச்டவுன். அதே கை, அதே ஆள், அடுத்த வருடம் 60. அதனால் ஆட்டமுறைக்குப் பங்கு உண்டு என்ற மூன்றாம்டவுன் கட்சிக்கு என் பாதி ஓட்டு.

ஹெய்ஸ்மன் (அந்த வருடத்தின் சிறந்த கல்லூரி ஆட்டக்காரருக்கான விருது) மேடையில் அவர் பேசியதைப் பார்த்திருப்பீர்கள். முதலிடத்துக்கான ஓட்டில் 841 அவருக்கு. 1959இல் பில்லி கேனனுக்குப் பிறகு எல்.எஸ்.யூ.வுக்குக் கிடைத்த முதல் ஹெய்ஸ்மன். ஜெயித்ததைப் பற்றிப் பேச வேண்டிய இடத்தில், ஆதென்ஸ் வட்டாரத்து வறுமையைப் பற்றியும், பள்ளி முடிந்து வீட்டுக்குப் போனால் சாப்பாடு சரியாக இல்லாத பிள்ளைகளைப் பற்றியும் அழுதுகொண்டே பேசினார். அந்த வட்டார உணவு வங்கிக்காக உள்ளூர்க்காரர் ஒருவர் ஆயிரம் டாலர் இலக்கு வைத்து வசூல் தொடங்கினார். சில நாளில் மூன்று லட்சம் டாலரைத் தாண்டிவிட்டது.


#8 கணக்குப்பிள்ளை

உணர்ச்சி போதும், கணக்குக்கு வருவோம்.

726 புள்ளி பெரிய எண்தான். ஆனால் 15 ஆட்டத்தில். ஆட்டத்துக்கு 48.4. 2013இல் ஃபுளோரிடா ஸ்டேட் 14 ஆட்டத்தில் 723 எடுத்தது, ஆட்டத்துக்கு 51.6. அப்புறம் விட்டுக்கொடுத்தது எவ்வளவு? எல்.எஸ்.யூ. 328, ஆட்டத்துக்கு கிட்டத்தட்ட 22.

2001 மயாமியை எடுத்துக்கொள்ளுங்கள். 12 ஆட்டம், 12 வெற்றி. எடுத்தது 512, விட்டது 117. ஆட்டத்துக்குப் பத்துப் புள்ளிகூட விடவில்லை. அந்த அணியிலிருந்து மொத்தம் 38 பேர் என்.எஃப்.எல். டிராஃப்டுக்குப் போனார்கள், 17 பேர் முதல் சுற்று. எட் ரீட், ஆண்ட்ரே ஜான்சன், ஷான் டெய்லர், வின்ஸ் வில்ஃபோர்க். ஓட்டக்காரர் வரிசையில் கிளின்டன் போர்ட்டிஸ், அவருக்குப் பின்னால் ஃபிராங்க் கோர். ஃபிராங்க் கோர் பெஞ்சில் உட்கார்ந்திருந்த அணி ஐயா அது!

சிறந்த சீசன் என்று ஒன்று இருந்தால் அது மயாமிதான். எல்.எஸ்.யூ. 2019 பார்க்க நன்றாக இருந்த சீசன்.


#9 ஹன்ட்ஸ்வில்காரன்

கணக்குப்பிள்ளை சொல்வதில் எனக்கு உடன்பாடு, எல்.எஸ்.யூ.வைக் குறைத்துப் பேசும் யாருடனும் எனக்கு உடன்பாடு.

அந்த டிஃபென்ஸைப் பற்றி யாருமே பேசுவதில்லை. எங்களை அடித்த அடுத்த வாரம் ஓல் மிஸ் (மிசிசிப்பி யூனிவர்சிட்டி) போனார்கள். அங்கே ஜான் ரைஸ் பிளம்லீ என்ற முதல் வருடப் பையன், குவாட்டர்பேக், தனியாக 212 யார்டு ஓடினான். அணி மொத்தமாக 402 யார்டு ஓட்டத்திலேயே. இதெல்லாம் மாபெரும் அணிக்கு நடக்கிற காரியமா?


#10 மூன்றாம்டவுன்

நடந்தது. அந்த வாரம் பேட்டன் ரூஜில் நீங்கள் இருந்திருக்க வேண்டும். 58-37 ஜெயித்த அணியைப் பற்றி, எழவு வீட்டில் பேசுவதுபோல் குரலைத் தாழ்த்திப் பேசிக்கொண்டார்கள். கடையில் பில் போடும் பெண்மணி என்னிடம் டிஃபென்ஸ் ஒருங்கிணைப்பாளர் டேவ் அராண்டாவைத் திட்டினார். நான் பால் வாங்கப் போனவன்.

ஆனால் அதற்கப்புறம் பாருங்கள். அர்கன்சா 20, டெக்சாஸ் ஏ அண்ட் எம் 7, ஜார்ஜியா 10. விட்டது அவ்வளவுதான். முதல் வருடப் பையன் டெரக் ஸ்டிங்லி ஒரு ஓரத்தையே பூட்டிவிட்டான், சீசனில் 6 இன்டர்செப்ஷன் (எதிரணி பாஸைப் பறிப்பது).

கணக்குப்பிள்ளை அண்ணே, உங்கள் 117க்கு என் தலைவணக்கம். ஆனால் யாரோடு ஆடினார்கள் என்பதும் கணக்கில் வரவேண்டாமா? ஆடும்போது முதல் பத்து இடத்துக்குள் இருந்த ஏழு அணிகளை எல்.எஸ்.யூ. ஜெயித்தது. மயாமியும் அந்த வருடம் பாஸ்டன் காலேஜோடு 18-7, வர்ஜீனியா டெக்கோடு 26-24 என்று தட்டுத்தடுமாறித்தான் தாண்டியது.


#11 கணக்குப்பிள்ளை

தாண்டியது இல்லையா? அப்புறம் என்ன.


#12 ஆஸ்டின் அக்கா

மூன்றாம்டவுன், நீங்கள் அங்கேயே இருந்தவர். எண்களை விடுங்கள், ஊர் எப்படி இருந்தது என்று சொல்லுங்களேன்.


#13 மூன்றாம்டவுன்

நீங்கள் கேட்டதால் நீளமாக எழுதுகிறேன், வேலை இருப்பவர்கள் தாண்டிப் போகலாம்.

டைகர் ஸ்டேடியத்தில் 1,02,321 பேர் உட்காரலாம். எதிரே சாலையைத் தாண்டினால் நிஜப் புலி இருக்கிறது, மைக் என்று பெயர், அது ஏழாவது மைக். புல்தரை, குளம் எல்லாம் வைத்த பெரிய கூண்டு. முன்பெல்லாம் ஆட்டத்தன்று வண்டியில் ஏற்றி மைதானத்துக்கே கொண்டுபோவார்கள், இப்போதைய புலியை அப்படி இழுத்தடிப்பதில்லை. ஊருக்கு ஒரு பெருமை உண்டு: 1988இல் ஆபர்னோடு கடைசி நேரத்தில் டச்டவுன் போட்டு 7-6 ஜெயித்தபோது கூட்டம் குதித்த குதியில், கல்லூரி நிலவியல் துறையின் நிலநடுக்கக் கருவியில் கோடு பதிந்ததாம். அந்தக் கதையை எனக்குக் குறைந்தது பத்துப் பேர் சொல்லியிருப்பார்கள், ஒவ்வொருவரும் நேரில் இருந்ததாக.

கோச் எட் ஓர்ஜரான் அவர்களுடைய சொந்தப் பிள்ளை. தெற்கே பாயூ லாஃபோர்ஷ் கரையில் லரோஸ் என்ற ஊர். கேஜன்காரர் (லூசியானாவின் பிரெஞ்சு வம்சாவளி). குரல் கரகரவென்று இருக்கும், பேசினால் மணலில் வாளியை இழுப்பதுபோல். ஓல் மிஸ்ஸில் தலைமை கோச்சாக மூன்று வருடம் இருந்து 10 வெற்றி, 25 தோல்வி என்று துரத்தப்பட்டவர். சதர்ன் கலிபோர்னியா யூனிவர்சிட்டியில் தற்காலிகத் தலைமை கோச்சாக நன்றாகச் செய்தும் வேலை தரவில்லை. 2017இல் எல்.எஸ்.யூ. சொந்த மைதானத்தில் டிராய் என்ற சின்ன அணியிடம் தோற்றபோது ஊரே அவரை அனுப்பச் சொன்னது. 2019இல் அதே ஊர் ஜம்பலாயா கிண்டிக்கொண்டே அவர் குரலில் மிமிக்ரி பண்ணியது.

ஜம்பலாயா என்றதும் ஞாபகம் வருகிறது. ஆட்டத்தன்று காலையிலேயே கார் நிறுத்தும் இடமெல்லாம் அடுப்பு. ஆள் குளிக்கிற அளவுக்கு இரும்புச் சட்டி, துடுப்பு மாதிரி கரண்டி. அடியில் பன்றிக்கறியும் தொத்திறைச்சியும் ஒட்டிக் கருகுவதற்குச் சற்று முன் வெங்காயம், குடைமிளகாய், செலரியைக் கொட்டி, அடிப்பிடித்ததைச் சுரண்டிச் சுரண்டி அந்தப் பழுப்பு நிறம் வந்ததும் அரிசி. என் பக்கத்து வீட்டுக்காரர் முதல் தடவை ஒரு தட்டு நிறையக் கொடுத்து, காரமாக இருக்கிறதா என்று கவலையோடு கேட்டார். எனக்குச் சிரிப்பு வந்துவிட்டது.

அவரோடுதான் நவம்பர் 30 டெக்சாஸ் ஏ அண்ட் எம் ஆட்டத்துக்குப் போனேன். 2018இல் அதே அணியோடு ஏழு ஓவர்டைம் ஆடி 74-72 தோற்ற கதை தெரியுமல்லவா? ஜெயித்துவிட்டோம் என்று ஓர்ஜரான் தலையில் குளிர்பானத்தையெல்லாம் கொட்டிவிட்டார்கள். அப்புறம் பார்த்தால் எதிரணிக் குவாட்டர்பேக்கின் முழங்கால் முன்பே தரையில் பட்டிருக்கிறது, ஆட்டம் தொடர்கிறது என்றார்கள். நனைந்த சட்டையோடு நின்று தோற்றார். அதற்கடுத்த வருடம் ஓவர்டைம் விதியே மாறியது, ஐந்தாவது ஓவர்டைமிலிருந்து இரண்டு புள்ளி முயற்சி மட்டும்தான் என்று அப்போது ஆக்கினார்கள். பக்கத்து வீட்டுக்காரர் அந்தத் தோல்வி ஆட்டத்தின் டிக்கெட்டைப் பர்ஸிலேயே வைத்திருந்தார். 50-7 என்று முடிந்ததும் எடுத்து ஒரு தடவை பார்த்தார். கிழித்துப் போடுவார் என்று நினைத்தேன். திரும்ப மடித்துப் பர்ஸில் வைத்துக்கொண்டார்.

அன்றுதான் பரோ தன் பெயரைக் கேஜன் பிரெஞ்சு எழுத்துக்கூட்டில் முதுகில் போட்டுக்கொண்டு வந்தார். எனக்கு முன் வரிசையில் இருந்த பெரியவர் கண்ணாடியைக் கழற்றித் துடைத்துவிட்டு மறுபடி படித்துப் பார்த்தார்.


#14 கோவைப்புதுசு

அண்ணே 50-7 என்று சொல்லிவிட்டீர்களே!


#15 மூன்றாம்டவுன்

ஐயோ, போச்சு. தம்பி, மன்னிச்சுடு.


#16 ஒஹாயோ மாமா

அருமையாக எழுதியிருக்கிறீர்கள். அந்தச் சட்டி விஷயத்தை வீட்டில் படித்துக் காட்டினேன், வருகிற ஞாயிறு பெரிய குக்கரில் முயற்சி செய்வதாக முடிவாகியிருக்கிறது.

எனக்கு ஒன்று உறுத்துகிறது. இவ்வளவு பேசிவிட்டு, டிசம்பர் 28 பற்றி நீங்கள் சொல்லவே இல்லையே?


#17 மூன்றாம்டவுன்

மாமா, வேண்டுமென்றேதான் சொல்லவில்லை. அதை வைத்து வாதத்தில் ஜெயிக்க மனம் வரவில்லை. ஆனால் கேட்டுவிட்டீர்கள்.

அட்லாண்டாவில் ஓக்லஹோமாவோடு அரையிறுதி. அன்று காலை லூசியானாவில் லஃபாயெட்டில், அந்த ஆட்டத்துக்காகக் கிளம்பிய சின்ன விமானம் ஒன்று விழுந்தது. இறந்தவர்களில் என்ஸ்மிங்கரின் மருமகளும் ஒருவர். ஆட்டத்துக்குச் சில மணி நேரம் முன்னால் ஓர்ஜரான்தான் அவரிடம் போய்ச் சொன்னார். என்ஸ்மிங்கர் மேலே கண்ணாடி அறைக்குப் போய், உட்கார்ந்து, பிளே கூப்பிட்டார். முதல் பாதியிலேயே பரோ ஏழு டச்டவுன் பாஸ். அதில் நாலு ஜெஃபர்சனுக்கு. பாதி நேரத்தில் 49-14, முடிவில் 63-28. டிவியில் கேமரா அடிக்கடி அந்த அறையைக் காட்டியது. கையில் பேப்பர், காதில் ஹெட்செட், முகத்தில் ஒன்றுமே இல்லை.

இதைப் பெருமையாகச் சொல்வதா, அவர் வீட்டுக்குப் போயிருக்க வேண்டும் என்று சொல்வதா, இன்றுவரை எனக்கு முடிவு தெரியாது. மறுபடி பார்க்கும்போது அந்த ஆட்டத்தைச் சத்தம் இல்லாமல்தான் பார்த்தேன்.


#18 ஹன்ட்ஸ்வில்காரன்

இதற்கு நான் எதிர்வாதம் எழுதப்போவதில்லை. மாமியார் பற்றிச் சொன்ன வரியை எடுத்துவிடலாம் என்று பார்த்தேன், இங்கே திருத்த முடியவில்லை.


#19 கணக்குப்பிள்ளை

எனக்கும் அது தெரியாது. தெரிந்திருந்தால் உணர்ச்சி போதும் என்று ஆரம்பித்திருக்க மாட்டேன்.

வேறு ஒரு கேள்வி, இதை வம்புக்குக் கேட்கவில்லை. ஆட்டமுறைதான் காரணம், என்ஸ்மிங்கர்தான் காரணம் என்றால் 2020 ஏன் அப்படிப் போனது? அவர் அங்கேதானே இருந்தார்? 5 வெற்றி, 5 தோல்வி. முதல் ஆட்டத்தில் மிசிசிப்பி ஸ்டேட் குவாட்டர்பேக் 623 யார்டு எறிந்தார், எஸ்.இ.சி. (இந்தத் தென்கிழக்கு அணிகளின் கூட்டமைப்பு) சாதனை. அலபாமாவிடம் 55-17. 2021 முடிவதற்குள் ஓர்ஜரானையே கிட்டத்தட்ட 1.7 கோடி டாலர் கொடுத்து அனுப்பிவிட்டார்கள். சாம்பியன் ஆகி இரண்டு வருடத்துக்குள்.


#20 மூன்றாம்டவுன்

நியாயமான கேள்வி. என் கட்சியின் ஓட்டை அதுதான், ஒத்துக்கொள்கிறேன்.

பரோ டிராஃப்டில் முதல் ஆளாக சின்சினாட்டி போனார். பிரேடியை ஒரே வருடத்தில் கரோலினா பேன்தர்ஸ் கூட்டிப்போய்விட்டது. அராண்டா பேய்லர் யூனிவர்சிட்டிக்குத் தலைமை கோச். ஜெஃபர்சன் போனார், கிளைட் போனார், ஜோ மூர் விருது (சிறந்த தாக்குதல் லைனுக்கானது) வாங்கிய அந்தத் தாக்குதல் லைனில் முக்கால்வாசிப் பேர் போனார்கள். சேஸ் கொரோனா வருடத்தில் ஆடவே இல்லை. 2020 முடிந்ததும் என்ஸ்மிங்கரையும் ஒருங்கிணைப்பாளர் பதவியிலிருந்து நகர்த்திவிட்டார்கள்.

நான் என்ஸ்மிங்கரைச் சொன்னது அவர் இருந்தாலே ஜெயித்துவிடும் என்பதற்காக இல்லை. மற்ற எல்லாம் சேர்ந்திருந்த அந்த ஒரு வருடத்தில், அவர் மட்டும் முறைத்துக்கொண்டு நின்றிருந்தால் எல்லாம் கெட்டுப்போயிருக்கும். பெரிய கோச்சிங் ஸ்டாஃப்களில் அப்படிக் கெட்டுப்போனதை எத்தனையோ பார்த்திருக்கிறோம்.


#21 ஆஸ்டின் அக்கா

இப்படிச் சொன்னால் ஒத்துக்கொள்கிறேன். முதலில் நீங்கள் எழுதியது இது இல்லை.


#22 மூன்றாம்டவுன்

காய்ச்சலில் எழுதியது அக்கா.


#23 ஹன்ட்ஸ்வில்காரன்

நேற்று ராத்திரி நானும் நவம்பர் 9 ஆட்டத்தை மறுபடி போட்டுப் பார்த்தேன். வருடக்கணக்காகத் தவிர்த்து வந்தது. டுவாவின் கணுக்காலை விடுங்கள், எங்களைக் கொன்றது அந்தக் கிளைட். 5 அடி 8 அங்குலம்கூட நிறைய என்கிறமாதிரி ஒரு உருவம். எங்கள் ஆள் நேராகப் போய் மோதுகிறான், இது அரிக்கேன் விளக்குத் திரிமாதிரி ஒரு சுழற்று, மறுபடி நிமிர்ந்து ஓடுகிறது. ஓட்டத்தில் மூன்று டச்டவுன், பாதி நேரத்துக்கு ஆறு நொடி இருக்கும்போது பாஸில் ஒன்று. அந்தப் பாஸில்தான் 33-13 ஆனது. என் மகள் எழுந்து வந்து, அப்பா ஏன் பழைய மேட்சுக்குக் கத்துகிறாய் என்றாள்.

ஒரு விஷயம் மட்டும் விட்டுக்கொடுக்க மாட்டேன்: அடுத்த வருடம் 13-0 எடுத்த எங்கள் 2020 அணி இவர்களைவிடப் பலம்.


#24 கணக்குப்பிள்ளை

அதற்குத் தனி இழை போடுங்கள், நான் வந்து மயாமியைப் பற்றிச் சொல்கிறேன்.


#25 ஒஹாயோ மாமா

இறுதியாட்டத்தைப் பற்றி யாரும் எழுதவில்லை. நியூ ஆர்லியன்ஸ் சூப்பர்டோம், எதிரே 29 ஆட்டம் தொடர்ந்து ஜெயித்து வந்த கிளெம்சன். முதல் மூன்று டிரைவும் ஒன்றும் கிடைக்காமல் பந்தை உதைத்துக் கொடுத்தார்கள். 17-7 பின்தங்கினார்கள். எனக்கு அங்கேதான் பரோ மேல் மரியாதை கூடியது. விலா எலும்பு வலியோடு ஆடினார் என்று அப்புறம் தெரிந்தது. 5 டச்டவுன் பாஸ், ஒன்று தானே ஓடி. 42-25. டிரெவர் லாரன்ஸ் கல்லூரியில் ஆரம்ப ஆட்டக்காரராகத் தோற்றது அதுதான் முதல் முறை.

அதே கட்டடத்தில்தான் அலபாமாவிடம் அந்த 21-0 வாங்கினார்கள் இல்லையா?


#26 மூன்றாம்டவுன்

அதேதான் மாமா. 2012 ஜனவரி. பக்கத்து வீட்டுக்காரர் அந்த ஆட்டத்துக்கும் போயிருந்தார். அந்த டிக்கெட்டும் பர்ஸில் இருக்கிறதா என்று கேட்கத் தோன்றியது, கேட்கவில்லை.


#27 கோவைப்புதுசு

அண்ணே, ஒரு வாரமாகப் பார்த்து வருகிறேன். நீங்கள் சொன்ன அந்த வயிற்றில் பந்தை வைக்கிற இடத்தை மெதுவாக ஓடவிட்டுப் பார்த்தேன். பரோ தலையைத் திருப்புவதே இல்லை, சத்தியம். இப்போது லைன்பேக்கரைத்தான் பார்க்கிறேன், பந்து எங்கே போகிறது என்றே தெரிவதில்லை.

டெக்சாஸ் ஆட்டத்தில் அக்காவின் பத்தியைப் படிக்காமல் தாண்டிவிட்டுப் பார்த்தேன், நல்லவேளை. எட்டு ஆட்டம் தாண்டியதும் அலபாமா. அதற்கு முன்னால் ஆபர்ன் இருக்கிறது, அது எளிதாகத்தானே ஜெயித்தார்கள்? அதைத் தாண்டிவிட்டு நேராக அலபாமாவுக்குப் போகலாமா?


#28 ஹன்ட்ஸ்வில்காரன்

தாண்டாதே தம்பி. மூன்று பேரை முன்னால் நிறுத்தி, ஏழு பேரைப் பின்னால் அனுப்பி, அந்த ஐந்து ரிசீவரையும் மூச்சுத் திணறவைத்த ஒரே டிஃபென்ஸ் ஆபர்ன்தான். 500 யார்டு போயும் எல்.எஸ்.யூ. எடுத்தது 23 புள்ளிதான். மூன்று புள்ளி வித்தியாசத்தில் தப்பித்தது.


#29 கோவைப்புதுசு

அண்ணே.